தபால்தலை பார்க்கப் போய் அடையாறில் இறங்கியது

மேற்கு மாம்பலத்திலிருந்து மயிலாப்பூர் ஆறு கிலோமீட்டர்தான். இதைப் பயணம் என்று எழுத எனக்கே கூச்சமாக இருக்கிறது. ஆனால் அன்று நாங்கள் ஏறிய ஆட்டோக்களில் இருந்ததைப் போன்ற பயம் வேறு எந்த ஊர்ப் பயணத்திலும் எனக்கு இருந்ததில்லை.

நான் அக்கா, செல்வி. தம்பி பெயர் குமரன். இருவருக்கும் வயது அறுபதை ஒட்டி. கீழ் வீட்டில் நான், மாடியில் அவன். தபால்தலைகளைப் பற்றி ஒரு மாத இதழில் எங்கள் இருவர் பெயரிலும் கட்டுரை வரும். லென்ஸ் வைத்துப் பார்ப்பது, ஓரத்துப் பற்களை எண்ணுவது, அச்சுப் பிழையைக் கண்டுபிடிப்பது எல்லாம் அவன். அவன் சொல்வதை நான் எழுதுவேன். மயிலாப்பூரில் ஜெயா மாமி என்பவர், தன் மாமனார் சேர்த்த பழைய தபால்தலைகளைப் பார்க்க வரச் சொல்லியிருந்தார். அடுத்த கட்டுரை அதைப் பற்றித்தான்.

காலை ஒன்பதரைக்குக் கிளம்பினோம். ஆட்டோ நூற்று எண்பது ரூபாய். துரைசாமி சுரங்கப்பாதையைத் தாண்டி தி. நகருக்குள் நுழையும்போது குமரன் வெளியே எட்டிப் பார்த்தான்.

"மழை வரும் போலருக்கு. மின்னுது பாரு."

நான் பார்த்தேன். வெயிலில் கண் கூசியது. ஒரு மேகம்கூட இல்லை.

"எங்கடா மின்னுது?"

"இல்ல, ஏதோ கண்ணாடியில பட்டிருக்கும்" என்று சொல்லி மூக்குக் கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியில் துடைத்தான். நந்தனத்தில் மறுபடி துடைத்தான். ஆழ்வார்ப்பேட்டையில் மறுபடி. என்ன என்று கேட்டதற்கு ஒரே தூசி என்றான். எனக்கு ஏதோ சரியில்லை என்று பட்டது. ஆனால் எதுவென்று பிடிபடவில்லை.

ஜெயா மாமியின் வீடு மாட வீதிக்குப் பின்னால் இரண்டாம் மாடி. படியேறும்போது குமரன் கைப்பிடியை விடவேயில்லை. ஒரு படியில் காலை வைத்துத் தேடினான், இருட்டில் தேடுவதைப் போல. மாமி மின்விசிறியை நிறுத்திவிட்டு ஆல்பத்தை மேசைமேல் விரித்தார். காற்றில் தபால்தலை பறந்துவிடும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. எங்களுக்கு அதுவே பெரிய சந்தோஷம்.

முதல் பக்கத்திலேயே, மூட்டையோடு ஓடும் அஞ்சல்காரர் படம் போட்ட இரண்டு அணா தபால்தலை. குமரன் இடுக்கியால் எடுத்து, வழக்கம்போல இடது கண்ணை மூடி, வலது கண்ணில் லென்ஸை வைத்தான். வெகுநேரம் பார்த்தான்.

"கீழ்ப்பக்கம் கிழிஞ்சு போயிருக்கே. ஓடுறவருக்குக் காலே இல்ல" என்றான்.

மாமியின் முகம் மாறியது. "என்ன சொல்றேள்? என் மாமனார் ஒண்ணொண்ணா பார்த்துப் பார்த்துச் சேர்த்துண்டு வந்தது. கிழிஞ்சதை ஆத்துக்குள்ளயே விட மாட்டார்."

லென்ஸை வாங்கி நான் பார்த்தேன். தபால்தலை முழுசாக இருந்தது. நாலு பக்கமும் பல் வரிசை. அஞ்சல்காரரின் இரண்டு கால்களும் இருந்தன.

நிமிர்ந்து குமரனைப் பார்த்தேன். அவன் என் முகத்தைப் பார்த்துப் புரிந்துகொண்டான். கையால் இடது கண்ணை மறைத்து, எதிர்ச் சுவரை மேலும் கீழுமாகப் பார்த்தான்.

"அக்கா, கீழ் பாதி கருப்பா இருக்கு. திரை போட்ட மாதிரி."

"எப்ப இருந்து?"

"நேத்து சாயங்காலம் கொசு மாதிரி புள்ளி புள்ளியா வந்துச்சு. திரை இன்னைக்குக் காலையில."

"ஏன்டா சொல்லல?"

"சொன்னா நீ மயிலாப்பூர் வேண்டாம்னு சொல்லியிருப்ப."

எனக்கு அழுகையும் கோபமும் சேர்ந்து வந்தன. அடையாறில் நான் கண்ணாடிக்குப் பரிசோதனை செய்துகொள்ளும் கண் மருத்துவமனைக்குப் போன் செய்தேன். எடுத்த பெண் என்னைச் சொல்லி முடிக்கக்கூட விடவில்லை. "திரை மாதிரி தெரியுதா? உடனே கூட்டிட்டு வாங்க மேடம். நாளைக்குன்னு வைக்காதீங்க. அதிராம வாங்க."

குமரன் ஆல்பத்தைப் பார்த்தபடியே உட்கார்ந்திருந்தான். "இன்னும் நாலு பக்கம் பார்த்துட்டு..."

"எழுந்திருங்கோ" என்று மாமி ஆல்பத்தை மூடினார். "மொதல்ல கண்ணைப் பாருங்கோ. ஸ்டாம்ப் எங்கயும் ஓடிப் போகாது."

மயிலாப்பூர் குளத்திலிருந்து அடையாறு நாலு கிலோமீட்டர். மெட்ரோ வேலைக்காகத் தகரத் தடுப்புகளை வைத்துச் சாலையைக் குறுக்கியிருந்தார்கள். பள்ளமும் மேடுமான சாலை. ஒவ்வொரு பள்ளத்துக்கும் நான் குமரனின் தலையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன், நிறைந்து தளும்பும் குடத்தைப் பிடிப்பதைப் போல.

"மெதுவா போங்கப்பா, இவருக்குக் கண்ணு சரியில்ல" என்றேன்.

ஆட்டோ ஓட்டுநர் கண்ணாடியில் பார்த்தார். "இன்னா ஆச்சு நைனா? அடி பட்டுச்சா?"

"அடி இல்ல. திடீர்னு தெரியல" என்றான் குமரன்.

"முன்னாலயே சொல்றது இல்லியாம்மா? இந்த ரோடு முழுக்கத் தோண்டிப் போட்டுக் கீது. மந்தவெளி உள்ளாற பூந்து போய்க்கினே இருக்கலாம், குலுங்காது."

சந்துகளுக்குள் திருப்பி, வேகத்தடைகளில் ஏறக்குறைய நிறுத்தி நிறுத்தி ஏற்றி இறக்கினார். மெதுவாகப் போகிறாரே என்றும் தவிப்பு, வேகமாகப் போனால் என்ன ஆகுமோ என்றும் தவிப்பு. அடையாற்றுப் பாலத்தில் வண்டிகள் நகரவில்லை. ஆற்றைப் பார்த்தபடி ஒன்று நினைத்தேன். குமரனுக்குப் பார்வை போய்விட்டால் நாங்கள் எழுதுவது நின்றுபோகும். அவன் கண்ணைப் பற்றி நினைப்பதற்கு முன்னால் எங்கள் கட்டுரையைப் பற்றி நினைத்தேன் என்பது என்னை உலுக்கியது. அவன் கையைத் தேடிப் பிடித்தேன்.

"இப்ப எவ்வளவு கருப்பு?" என்று கேட்டேன்.

"கேக்காதே அக்கா. ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் மேல ஏறின மாதிரி இருக்கு."

பிற்பகல் வரை சொட்டு மருந்து, வரிசை, இருட்டறை, மறுபடி வரிசை. இளம் மருத்துவர் ஒருவர் படம் வரைந்து காட்டினார். "ரெட்டினா, அதாவது விழித்திரை, மேல் பக்கமா கழண்டு வந்திருக்கு. கண்ணுக்குள்ள படம் தலைகீழா விழறதால கீழ் பாதி தெரியல. நடுப்பகுதி இன்னும் ஒட்டியிருக்கு. அதுவும் விட்டிருந்தா சிரமம். நாளைக்குக் காலையிலயே ஆபரேஷன் பண்ணிடலாம்."

"பார்வை திரும்ப வருமா டாக்டர்?" என்று நான் கேட்டேன்.

"இருக்கறதைக் காப்பாத்தலாம். முன்ன மாதிரியே வருமான்னு இப்ப சொல்ல முடியாது."

அன்றிரவு அவனுக்குத் தூக்கம் இல்லை. எனக்கும் இல்லை. மறுநாள் அறுவை சிகிச்சை முடிந்து வந்தவன், வலது கண்ணில் கட்டோடு கட்டில் விளிம்பில் குனிந்து உட்கார்ந்திருந்தான். கண்ணுக்குள் வாயுவை நிரப்பியிருக்கிறார்கள், அது விழித்திரையை அழுத்திப் பிடிக்க வேண்டுமென்றால் தலையைக் குனிந்தே வைத்திருக்க வேண்டும். சாப்பிடும்போதும் தூங்கும்போதும் அப்படித்தான். விழித்திரை ஒட்டிவிட்டது என்று மட்டும் மருத்துவர் சொன்னார்.

அதற்கு மறுநாள் மாலை வீடு திரும்பினோம். கோட்டூர்புரம் வழி, ஆட்டோ இருநூற்றுப் பத்து ரூபாய். குமரன் முன் இருக்கைக் கம்பியில் நெற்றியை வைத்துக்கொண்டான். இடது கண்ணுக்குத் தெரிந்ததெல்லாம் ஆட்டோவின் தரையும் தன் செருப்பும்தான்.

"எங்க போறோம் இப்ப?"

"கோட்டூர்புரம் பாலம். தண்ணி கொஞ்சம் கீழ இறங்கியிருக்கு. ரெண்டு கொக்கு நிக்குது."

சிறிது நேரம் கழித்து மறுபடி கேட்டான். நந்தனம் சிக்னல் என்றேன். பக்கத்தில் ஒரு பள்ளிக்கூட வேன், இரண்டு பஸ், ஒரு சுவருக்குப் பச்சைப் பெயின்ட் அடிக்கிறார்கள் என்று சொன்னேன்.

"என்ன பச்சை?"

பச்சை என்றால் பச்சைதானே என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. வெளியே தலையை நீட்டி, இத்தனை வருடங்களில் முதல் முறையாக ஒரு நிறத்தை நானே பார்க்க முயன்றேன். வாழையிலைப் பச்சை இல்லை. கிளிப் பச்சையும் இல்லை. அடித்த பக்கம் ஒரு நிறம், காய்ந்த பக்கம் வேறு நிறம்.

"இரு, சிக்னல் விழல. பார்த்துச் சொல்றேன்" என்றேன்.

"அவசரமில்ல" என்றான் குமரன், குனிந்தபடியே.