கட் சொன்னது நான்

சென் ஜேம்ஸ் ரவுணில் நாங்கள் இருக்கும் கட்டடத்துக்கு ஒரு கொரியப் படக்குழு வந்தது. காட்சிப்படி எலிவேற்றர் வாசலில் ஒரு கிழவர் விழுந்து சாகவேண்டும். பக்கத்து வீட்டுக்காரி ஓடிவந்து கையைப் பிடிக்கவேண்டும். அந்தப் பக்கத்து வீட்டுக்காரியாக என்னைத் தெரிந்தெடுத்தார்கள். வசனம் இல்லை.

கிழவராக நடித்தவரை என் மகளுக்குத் தெரிந்திருந்தது.

"அம்மா, அவர் லெஜன்ட். ஆனா ஹீரோ இல்லை. அப்பா, பொலிஸ், கள்ளன் எண்டு எல்லாப் படத்திலயும் வருவார். அரைவாசியில செத்துப்போவார்."

மகள் இதை இங்கிலீஷில் சொல்ல, படக்குழுவின் மொழிபெயர்ப்பாளப் பெண் அவரிடம் சொன்னாள். அவர் சிரித்தார். இளமையில் கதாநாயகனிடம் அடி வாங்கத்தான் கூப்பிட்டார்களாம். பிறகு வேலைக்காரன், அதன்பிறகு தகப்பன். அவருடைய ஊரில் பஸ்ஸில் ஏறினால், "நீங்கள் இன்னும் உயிரோடா?" என்று கேட்பார்களாம்.

இயக்குநருக்குத் திருப்தி வரவில்லை. சாப்பாட்டு நேரம் தாண்டியும் திரும்பத் திரும்ப எடுத்தார். ஒவ்வொரு முறையும் நான் கையைப் பிடித்ததும், பயப்படாதே என்பதுபோல அவர் என் விரலை இரகசியமாக அமத்துவார். கடைசி முறை அமத்தவில்லை. கை ஈரமாகக் குளிர்ந்திருந்தது. கண்கள் எங்கோ பார்த்தன.

நடிப்போ? நிமிர்ந்து பார்த்தேன். இயக்குநரின் முகத்தில் அப்போதுதான் முதல் சந்தோஷம். கமரா ஓடும்போது வாய் திறக்கக்கூடாதென்று காலையில் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்கள். நான் அவருடைய விரலை அமத்திப் பார்த்தேன். அசைவில்லை.

"கட்! கட்!" என்று கத்தினேன். அதற்குமேல் இங்கிலீஷ் வரவில்லை. "ஐயோ, ஆளுக்கு ஏலாமக் கிடக்கு, ஓடி வாங்கோ!"

இயக்குநர் கோபத்தோடு எழும்பினார். ஒருவரும் கிட்ட வரவில்லை. வேடிக்கை பார்ப்பவர்களை மறித்துக் கட்டியிருந்த கயிற்றுக்கு அப்பால் நின்ற மகள்தான், "ஹீ இஸ் நொட் அக்டிங்!" என்று வீரிட்டாள்.

படக்குழுவின் தாதி ஓடிவந்தாள். விரலில் குத்திச் சோதித்தாள். இரத்தத்தில் சீனி அடியோடு இறங்கியிருந்தது. கன்னத்துக்குள் ஏதோ இனிப்பைப் பூசினாள். அம்புலன்ஸ் வருவதற்குள் அவர் முனகினார்.

தனக்குச் சீனி வருத்தம் இருப்பதையும் காலையில் இன்சுலின் போட்டதையும் அவர் ஒருவருக்கும் சொல்லியிருக்கவில்லை. சொன்னால் இந்த வயதில் வேடம் போய்விடும் என்ற பயம்.

நான் கத்துவதற்கு முந்திய துண்டை அப்படியே வைத்துக்கொள்ள இயக்குநர் விரும்பினாராம். கிழவர் சம்மதிக்கவில்லை. "அது நான் நடித்ததில்லை" என்றாராம். அடுத்த கிழமை வந்து, முதலில் வயிறு நிறைய வடிவாகச் சாப்பிட்டுவிட்டு, மறுபடி விழுந்தார். என் நெஞ்சு அடித்த அடியில் நான் நடிக்கவே தேவையிருக்கவில்லை. காட்சி முடிந்தது என்று எல்லோரும் கைதட்டியபோதும் அவருடைய கையை விட எனக்கு மனம் வரவில்லை.