பத்தொன்பதரை அங்குலம்

கள்ளிக்குப்பத்தில் எங்கள் தெருவில் பன்னிரண்டு வீடுகள். பன்னிரண்டு வீட்டு வாசல் மேட்டின் உயரமும் என் நாட்குறிப்பில் இருக்கிறது. மழைத் தண்ணீர் உள்ளே வராமல் இருக்க கேட்டுக்கு அடியில் எல்லோரும் சிமென்டில் ஒரு மேடு போட்டிருக்கிறோம். தெரு நடுவில் உள்ள மேன்ஹோல் மூடியைப் பூஜ்யமாக வைத்துக்கொண்டு, கொத்தனார்கள் மட்டம் பார்க்கும் தண்ணீர்க் குழாயைக் கடன் வாங்கி, இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள் குனிந்து குனிந்து அளந்தேன். ஏன் அளந்தேன் என்று இப்போது என்னையே திட்டிக்கொள்கிறேன்.

போன வருட மழையில் தெருத் தண்ணீர் பதினான்கு அங்குலம் ஏறியது. எங்கள் மேடு பதினொன்று. மிச்சம் மூன்று அங்குலம் இரண்டு நாள் எங்கள் கூடத்தில் குடியிருந்தது. மூன்றாம் நாள், நனைந்த மெத்தையைத் தூக்கிப் போட்டுவிட்டு வந்த கணவர் சொன்னார்: "இதான் கடைசி. இன்னொரு தடவை தண்ணி உள்ள வந்துச்சுன்னா வீட்ட வித்துடறோம். கரையான்சாவடி பக்கம் மூணாவது மாடில ஒரு ஃப்ளாட் பாத்துட்டுப் போயிடலாம்." அவர் இப்படிச் சொன்னால் செய்துவிடுவார். எனக்கு இந்த வீட்டை விட விருப்பமில்லை. இருபத்திரண்டு வருடம் நான் பார்த்துப் பார்த்து ஒழுங்கு செய்த வீடு. எந்த ஜன்னல் எந்த மாதம் இறுகும் என்பதுகூட எனக்குத் தெரியும்.

நான் ஆவடிப் பக்கம் ஒரு கல்லூரியில் அரசியல் பாடம் நடத்துகிறேன். மூன்றாம் ஆண்டுக்கு ஒரு தாள் உண்டு: நாடுகளுக்கிடையே உள்ள போட்டியைப் பற்றி மனிதர்கள் காலங்காலமாக என்ன நினைத்தார்கள் என்பது. ஊருக்குள் சண்டை வந்தால் போலீஸ் இருக்கிறது, கோர்ட்டு இருக்கிறது. நாடுகளுக்கு மேலே அப்படி யாரும் இல்லை. அந்த நிலைக்குத்தான் அராஜகம் என்று பெயர். அதற்கு அடிதடி என்று அர்த்தமில்லை, மேலே ஆளில்லை என்றுதான் அர்த்தம் என்பதை வருடா வருடம் சொல்லி, வருடா வருடம் விடைத்தாளில் அடிதடி என்றே படிக்கிறேன்.

பழங்காலத்து கிரேக்க நகரங்களில் தொடங்குவேன்: ஒன்று வளர்ந்தது, மற்றொன்று பயந்தது, போர் வந்தது. பிறகு நம் பக்கத்து அரச நூல்கள்: எல்லையை ஒட்டியவன் இயல்பான பகைவன், அவனுக்கு அந்தப் பக்கம் இருப்பவன் இயல்பான நண்பன். அதன்பின், மனிதர்கள் பயந்துதான் ஓர் அரசனை ஏற்றார்கள், அரசர்கள் தங்களுக்குள் யாரையும் ஏற்கவில்லை என்று சொன்னவர்கள். கடைசியில் ஒப்பந்தமும் பொதுச்சபையும் வந்தால் எல்லாம் சரியாகிவிடும் என்று நம்பியவர்கள். அடுத்து வந்த போர் அவர்களை ஊமையாக்கியது. எனக்கு அந்தக் கடைசிக் கூட்டத்தார்மீதுதான் எப்போதும் பிரியம். அதனால்தான் நானும் ஓர் ஒப்பந்தம் எழுதினேன்.

விஷயம் எளிது. ஒவ்வொரு வீடும் மேட்டை உயர்த்தி, முற்றத்தை மண் போட்டு நிரப்பினால், தண்ணீருக்குப் பரவ இடமில்லாமல் தெருவில்தான் ஏறும். ஆகவே இந்த மழைக்கு முன் யாரும் உயர்த்த வேண்டாம். எல்லோரும் சேர்ந்து கையெழுத்துப் போட்டு வடிகாலுக்கு மனுக் கொடுப்போம். எதிர்வீட்டு இன்ஜினியரின் கார் ஷெட்டில் ஞாயிறு காலை கூட்டம். அவர் திருநெல்வேலிக்காரர், ஐ.டி. வேலை, தெருவிலேயே புது வீடு, மேடு இருபத்தேழு அங்குலம்.

நான் டேப்பும் நோட்டுமாகப் போவதைப் பார்த்துப் பக்கத்து வீட்டுக்காரர் சிரித்தார். இந்த மனைகள் எல்லாம் வயலாக இருந்தபோதே இங்கே இருந்த குடும்பம். "இன்னா டீச்சரம்மா, டேப்பத் தூக்கினு கெளம்பிட்டீங்க? தண்ணிய அளந்து கைது பண்ணப் போறீங்களா?"

"நீங்களும் வாங்கண்ணே. எல்லாரும் ஒத்துக்கிட்டாத்தான் நடக்கும்."

"வர்றேன், வர்றேன். ஆனா ஒண்ணு. இது பூரா நெல்லு வெளஞ்ச எடம். தண்ணிக்கு அட்ரஸ் தெரியும்."

கூட்டத்தில் ஒப்பந்தத்தைப் படித்தேன். எல்லோரும் தலையாட்டினார்கள். இன்ஜினியர் மட்டும் காப்பி டம்ளரை வைத்துவிட்டுக் கேட்டார்: "எல்லாம் சரிதான் மேடம். ஒருத்தர் ஏத்திட்டாருன்னா யாரு வந்து கேக்கப் போறா?" இந்தக் கேள்விக்கு உலகத்திடமே இதுவரை பதிலில்லை என்று எனக்குத் தெரியும். தெரிந்தும், வெளிப்படையாக இருந்தால் நம்பிக்கை வளரும் என்று நினைத்து, நாட்குறிப்பைத் திறந்து பன்னிரண்டு வீட்டு உயரத்தையும் வரிசையாக வாசித்தேன். அதுதான் நான் செய்த தவறு. வேறு எவரும் செய்திருக்க முடியாது. வேறு எவரிடமும் அந்தப் பட்டியல் இல்லை.

அவரவர் எண்ணோடு அடுத்தவர் எண்ணை ஒப்பிட்டுப் பார்க்க ஆரம்பித்தார்கள்.

"இரு, இரு," என்றார் பக்கத்து வீட்டுக்காரர். "நம்ம ஊடு பன்னண்டுதானா? உங்களுக்கு மேல ஒரே ஒரு இன்ச்சா? நான் இன்னாமோ ஒசரத்துல கீறேன்னு நெனச்சுனு இருந்தேன்!"

பத்துப் பேர் கையெழுத்துப் போட்டார்கள். அவரும் போட்டார். வியாழக்கிழமை காலை அவர் வாசலில் ஒரு லோடு கட்டட இடிபாடு வந்து இறங்கியது. சனிக்கிழமை அவர் மேடு பதினாறு. கேட்டதற்கு, "கோச்சுக்காதீங்க டீச்சரம்மா, கோடி ஊட்டுக்காரன் ஏத்தப் போறான்னு சொன்னாங்க" என்றார். கோடி வீட்டுக்காரரிடம் கேட்டேன். பக்கத்து வீட்டுக்காரர் ஏற்றப் போவதாக அவரிடம் சொன்னார்களாம். யார் சொன்னார்கள் என்பது கடைசிவரை தெரியவில்லை. கெட்டவன் ஒருவனும் தேவையில்லை, ஒருவனுடைய தற்காப்பு அடுத்தவன் கண்ணுக்குத் தாக்குதலாகத் தெரிந்தாலே போதும் என்று அந்த வாரம்தான் வகுப்பில் சொல்லிக்கொண்டிருந்தேன். முன் பெஞ்சுப் பெண் ஒருத்தி, "யாராவது ஒருத்தர் நிறுத்தினா போதுமே மேடம்?" என்று கேட்டாள். நல்ல கேள்வி என்று சொல்லி, புத்தகத்தில் உள்ள பதிலைச் சொன்னேன்.

வீட்டுக்கு வந்தால், தெருவில் வரிசையாக வீட்டு முற்றங்களில் மண் இறங்கியிருக்கிறது; எங்கள் கேட்டில் கொத்தனார் நிற்கிறார். கணவர் வரச் சொல்லியிருக்கிறார்.

"நான் ஒப்பந்தம் எழுதினவ. நானே மீறினா என்ன மரியாதை?" என்றேன்.

"லிஸ்ட் போட்டுக் குடுத்ததும் நீதானே? இப்ப தெருவுலயே நம்மதுதான் தாழ்வு. மரியாதையோட மூணாவது மாடிக்குப் போலாமா, சொல்லு."

கொத்தனார் காது சொறிந்தபடி கேட்டார்: "எவ்ளோ ஏத்தணும்மா?"

"பத்தொன்பதரை அங்குலம்."

"அது இன்னாம்மா அரை?"

போன வருடத் தண்ணீர் பதினான்கு; இந்த வருடம் அடைபட்ட முற்றங்களுக்காக மூன்று; என் மதிப்பில் பிழை இருந்தால் இரண்டரை. இதை அவருக்கு விளக்கினேன். கொத்தனார் என் கணவரைப் பார்த்தார். கணவர் ஆகாயத்தைப் பார்த்தார்.

மழை வந்தது. மொட்டை மாடியில் நான் வைக்கும் வாளியில் போன வருடத்தைவிட நான்கு விரல் குறைவு. தெருவிலோ தண்ணீர் பதினேழு. எங்கள் கூடம் உலர்ந்திருந்தது. ஃப்ளாட் பேச்சு அன்றோடு முடிந்தது. நிம்மதியாக ஒரு காப்பி குடித்திருக்க வேண்டிய காலை. ஆனால் பதினாறு அங்குல மேட்டைத் தாண்டிய தண்ணீர் பக்கத்து வீட்டு முற்றத்தை நிரப்பிப் படியேறி உள்ளே போயிருந்தது. அவர் ஏற்றியது மேட்டை மட்டும்தான், வீட்டுத் தரை பழைய பன்னிரண்டிலேயே இருந்தது: போன வருடம் அங்கே இரண்டு அங்குலம், இப்போது ஐந்து. பக்கத்து வீட்டுக்காரரின் மனைவி எங்கள் மாடிக் கொடியில் ஈரப் போர்வைகளைக் காயப் போட்டுக்கொண்டிருந்தார்.

தண்ணீர் வடிந்த மறுநாள் மதில் அருகே பக்கத்து வீட்டுக்காரர் வாளியோடு நின்றார். பின்னால் அதே கொத்தனார்.

"டீச்சரம்மா, நோட்ல எய்திக்கினீங்களா? இப்ப நம்மதான் கடைசி."

"மன்னிச்சிருங்கண்ணே. எல்லாரும் நிறுத்தியிருந்தா உங்க வீட்டுக்குள்ள வந்திருக்காது."

"நானும்தான் ஏத்துனேன், வுடுங்க. ஆமா, உங்க மேடு இப்ப எவ்ளோ? கரீட்டா சொல்லுங்க. நீங்க பொய் சொல்ல மாட்டீங்க."

சொல்லாமல் இருந்திருக்கலாம். அளக்கவில்லை என்றோ, நினைவில்லை என்றோ மழுப்பியிருக்கலாம். என் வாழ்நாளில் ஓர் அளவைத் தவறாகச் சொன்னதில்லை, அந்தப் பிடிவாதம் என்னை விடவில்லை.

"பத்தொன்பதரை."

அவர் கொத்தனார் பக்கம் திரும்பினார். "இருவத்தினாலு போடுப்பா."

உள்ளே போய் நாட்குறிப்பை எடுத்தேன். பக்கத்து வீடு என்ற வரியில் பதினாறை அடித்துவிட்டு இருபத்துநான்கு என்று எழுதினேன். மேட்டின் சிமென்ட் இன்னும் குழைக்கப்படக்கூட இல்லை.