அனுமதி அளித்த விரல்

நான் முப்பத்திரண்டு ஆண்டுகள் ஆசிரியராகப் பணியாற்றியவன். பேய், பிசாசு என்று அஞ்சிய பிள்ளைகளை அதட்டித் திருத்தியவன். ஆயினும் சென்ற செவ்வாய்க்கிழமை, பட்டப்பகலில், மல்லசமுத்திரத்தில் என் வீட்டில் நிகழ்ந்ததை நிகழ்ந்தவாறே எழுதுகிறேன். ஒரு சொல்லும் கூட்டவில்லை.

எதிர்வீட்டு அறிவுச்செல்வி பிற்பகல் இரண்டு மணிக்கு வந்தாள். தோளில் முப்பது நாள் பெண் குழந்தை. கையில் கணவன் வேலுமணியின் கைபேசி. ஆழ்துளைக் கிணறு தோண்டும் ரிக் வண்டியில் வேலைக்குச் சென்ற வேலுமணி, மூன்று மாதங்களுக்கு முன் வடநாட்டில் அவ்வண்டி கவிழ்ந்து இறந்துபோனான்.

“கொழந்தைக்குப் பேரு பேசிப் பதிஞ்சு வெச்சிருக்கறேன், ஊட்டுக்கு வந்து போட்டுக் காட்டறேன்னு கடைசியாச் சொன்னாருங்க சார். நாளைக்குப் பேரு வைக்கோணும். அது என்ன பேருன்னே எனக்குத் தெரியாதுங்களே.”

“கடையில குடுத்துப் பாத்தியாம்மா?”

“புதுத் திரை வரப் பத்து நாளாகுமாமுங்க. பள்ளிக்கூடத்துக் கம்ப்யூட்டரையே மேய்ச்சவரு நீங்க இருக்கறப்போ, கடை எதுக்குங்க?”

திரை நொறுங்கிக் கறுத்திருந்தது. தொட்டால் பயனில்லை. பக்கவாட்டு விசையை அழுத்தினால் லேசாக அதிர்ந்தது, அவ்வளவே.

மணி 2.10. கைபேசியைக் கணினியோடு இணைக்க என் வயரைச் செருகினேன். கணினியில் எதுவும் தோன்றவில்லை. அதன் முனை தளர்ந்திருந்தது. அலமாரியில் கிடந்த வேறொரு வயரை எடுத்துச் செருகினேன். பயனில்லை. கணினியின் மறு துளையில் செருகினேன். இல்லை. கைபேசியின் துளையைத் தூரிகையால் துடைத்தேன். கணினியை அணைத்து மீண்டும் இயக்கினேன். இல்லை.

குழந்தை வீறிட்டு அழத் தொடங்கியது.

மணி 2.31. ‘டிங்… டொங்…’

இணைப்பு ஒலி. கணினியில் வேலுமணியின் கைபேசி தோன்றியது. திறந்தேன். உள்ளே வெறுமை. காரணத்தை நான் அறிவேன். கோப்புகளைக் கணினிக்குக் காட்டலாமா என்று கைபேசி கேட்கும். அதன் திரையில் ‘அனுமதி’ என்னும் சொல்லை ஒருவர் விரலால் தொட வேண்டும். செத்த திரையில் யார் தொடுவது?

இயலாது என்று சொல்ல வாயெடுத்தேன்.

கைபேசி மேசைமேல் சற்றே அழுந்தியது… யாரோ தொட்டதுபோல்.

வெற்றுக் கோப்புறையில் ஓர் ஒலிப்பதிவு தோன்றியது.

ஒன்றே ஒன்று.

கணினிக்குப் படியெடுத்து இயக்கினேன்.

“அழுவாத சாமி… அகல்யா… அப்பன் இங்கதான் இருக்கறேன்…”

குழந்தை சட்டென்று நிறுத்தியது.

“அவருதானுங்க சார்… அவரேதானுங்க!” அறிவுச்செல்வி விம்மினாள்.

பிறவாத குழந்தையை, அழாதே என்று எவன் சொல்லிவைப்பான்?

மறுநாள் காலை குழந்தைக்கு அகல்யா என்றே பெயரிட்டனர்.

அன்று மாலை, நல்ல வயர் ஒன்று வாங்க ஜீவாவின் கைபேசிக் கடைக்குச் சென்றேன். ஜீவா என் பழைய மாணவன். முந்தைய நாள் இணைப்புத் தந்த, அலமாரி வயரை நீட்டினேன்; கண்டதும் சிரித்தான்.

“ஏனுங்க சார், இது டார்ச் லைட்டோட வந்த வயருங்க. சார்ஜ் மட்டுந்தான் ஏறும். இதுல ஒரு போட்டோகூடப் போகாதுங்க.”

“போச்சேப்பா…”

“போகவே போகாதுங்க.”

என் கண்முன்னே அதை வெட்டிக் காட்டினான். உள்ளே சிவப்புக் கம்பி ஒன்று. கறுப்புக் கம்பி ஒன்று. கோப்புகளைச் சுமக்க வேண்டிய கம்பிகள் அதில் இல்லை.

வீடு திரும்பிக் கணினியைத் திறந்தேன். மணி 6.40.

முந்தைய நாள் பத்தொன்பது வினாடி ஓடி முடிந்த பதிவு அது.

இப்போது முப்பத்தொரு வினாடி என்று காட்டியது.

நான் இயக்கவில்லை…

வாசலில் அறிவுச்செல்வியின் குரல்.

“சார்… அகல்யா அழுகையை நிறுத்தவே மாட்டேங்கறாளுங்க. அதை இன்னொருக்காப் போடுங்க சார்.”