கேட் இல்லாத தெரு

வெள்ளம் வடிந்த வீட்டுக்கு ஒரு வாசனை உண்டு. சேறும் பினாயிலும் ஊறிப்போன காகிதமும் சேர்ந்த வாசனை. மொட்டை மாடியில் என் சமூகவியல் புத்தகத்தைப் பக்கம் பக்கமாகப் பிரித்துக் காயப்போட்டபோது மூக்கில் ஏறியது...

அப்போது நான் எம்.ஏ. முதல் வருடம். கல்லூரி தாம்பரத்தில், வீடு முடிச்சூரில். வகுப்பில் என் பக்கத்தில் உட்காரும் மலருக்கு வீடும் பக்கத்துத் தெருதான். நாங்கள் மனை வாங்கிக் குடிவந்த காலனிக்காரர்கள், அவர்கள் ஊர்க்காரர்கள். எங்கள் காலனி மனைகள் எல்லாம் ஒரு காலத்தில் அவள் குடும்பத்து நெல் வயல்கள். தினமும் காலையில் எங்கள் தெரு வழியாக நடந்து வந்து, வாசலில் நின்று "கெளம்பிட்டியாடி?" என்று கத்துவாள். அங்கிருந்து மெயின் ரோடு கூப்பிடு தூரம்.

வெள்ளத்தில் எங்களை வெளியே கொண்டுவந்தது அவள் அப்பாவின் டிராக்டர்தான். காலனியில் பாதிப் பேர் அந்த டிரெய்லரில் நனைந்துகொண்டு உட்கார்ந்திருந்தோம். அசோசியேஷன் தலைவர் மடியில் அவர் வீட்டு நாய். மேட்டில் இருந்த மலர் வீட்டு மாடியில், எல்லோருக்கும் ஒரே குண்டானில் சோறு வெந்தது.

நெருக்கடி வந்தால் சமூகம் பிளவுகளை மறந்து ஒன்றுசேரும் என்று வகுப்பில் படித்திருந்தோம். மலர் என் காதில் சொன்னாள்: "செமஸ்டர்ல இதக் கேட்டா நம்ம தெருவையே எழுதிடலாம்டி. எக்ஸாம்பிளுக்கு அலைய வேணாம்."

பிறப்பை வைத்து மதிக்கப்பட்ட மனிதர்கள், காலம் போகப் போக, செயலை வைத்து மதிக்கப்படுவார்கள், அதுதான் முன்னேற்றம் என்றும் அந்தப் புத்தகத்தில் இருந்தது. இரண்டையும் நம்பினேன். நம்பும் வயது.

சுவரில் தண்ணீர் ஏறிய கோடு மறைவதற்கு முன்பே, காலனியில் ஒரு வீட்டில் மோட்டார் திருடுபோனது. அசோசியேஷன் கூடியது. ஊர்ப்பக்கம் திரும்பும் தெருமுனையில் கேட் போட்டுப் பூட்டிவிடலாம் என்றார் தலைவர். நான் எழுந்து கேட்டேன். "அவங்க டிராக்டர்லதான அங்கிள் ஏறி வந்தோம்?"

"அதுக்குத்தான் அவருக்கு சால்வை போட்டாச்சேம்மா. அது வேற, இது செக்யூரிட்டி."

சிரிப்பு. அப்பா உட்பட எல்லோரும் கை தூக்கினார்கள்.

பச்சை பெயின்ட் அடித்த கேட் வந்தது. மலர் இனி ஏரிக்கரையைச் சுற்றித்தான் மெயின் ரோட்டுக்கு வர வேண்டும். காலையில் வாசலில் அந்தக் குரல் கேட்காதபோதுதான் எனக்குக் கோபம் முழுதாக வந்தது. அன்று சாயங்காலமே அவள் வீட்டுக்குப் போனேன்... அந்த ஏரிக்கரை வழியாகவேதான்.

மலரின் அப்பா வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். கேட்டைப் பற்றி நான் ஆரம்பித்ததும் கையை ஆட்டினார்.

"வுடு பாப்பா. வித்துட்ட நெலம். அவங்க தெரு, அவங்க பூட்டிக்கறாங்க. அதுக்கு இன்னா பண்ண முடியும்?"

நான் விடவில்லை. கலெக்டரிடம் மனு, பொதுவழி, உரிமை... படித்த அத்தனையும் கொட்டினேன். மலர் வேர்க்கடலை உரித்துக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தாள்.

"எங்க தெருல கேட் பாத்திருக்கியாடி?"

"இல்ல."

"ஏரிக்கு அந்தாண்ட இருக்கறவங்க, மெயின் ரோட்டுக்கு எங்க தெரு வழியா வந்தா கிட்ட. ஒருத்தர்கூட வந்து நான் பாத்ததில்ல. வராதீங்கன்னு யாரும் சொன்னதும் இல்ல. அவங்களே சுத்திப் போயிடுவாங்க. ஒரு கேட்கூட தேவைப்படல எங்களுக்கு."

அவள் அப்பா திரும்பினார். "இப்ப இன்னாத்துக்கு அந்தப் பேச்சு?"

"வெள்ளத்தன்னிக்கு டிராக்டர் அந்தாண்ட போகலியேப்பா. கேட்டேன். டீசல் இல்லைன்னீங்க."

அவர் எழுந்தார். உள்ளே போய் டி.வி.யின் சத்தத்தைக் கூட்டிவைத்தார்.

மலர் கடலையை என் கையில் கொட்டினாள். "இப்ப நாங்களும் அவங்களோடதான் ஏரிக்கரைல நடக்கறோம். யாரும் யார்கிட்டயும் பேசறதில்ல."

மனு எழுதுவதைப் பற்றி அதற்குப் பிறகு நாங்கள் பேசவில்லை. செமஸ்டரில் அந்தக் கேள்வி வரத்தான் செய்தது. எங்கள் தெருவை உதாரணமாக எழுத எனக்குக் கை வரவில்லை. புத்தகத்தில் இருந்த ஏதோ ஒரு வெளிநாட்டுக் கிராமத்தை எழுதினேன். நல்ல மார்க்.

அதற்குப் பிறகு நிறையவே படித்துவிட்டேன். சமூகம் ஓர் உடல் என்கிறது ஒரு கோட்பாடு. இல்லை, அது ஓயாத இழுபறி என்கிறது இன்னொன்று. இரண்டுமே எங்கள் கேட்டை அழகாக விளக்கிவிடும். கேட் இல்லாத அந்தத் தெருவுக்கு வரும்போதுதான் ஒவ்வொன்றும் சற்றுத் தடுமாறும். எனக்கும் அங்கேதான் படிப்பே அலுத்துப்போகும்.

மலர் இப்போது கேளம்பாக்கம் பக்கம் ஒரு கம்பெனியில் வேலை பார்க்கிறாள், அங்கேயே குடியிருக்கிறாள். எப்போதாவது போன். நான் இன்னும் அதே தெருவில்.

ஸ்கூல் வேன் திரும்ப வழியில்லை என்று போன வருடம் கேட்டின் பூட்டை எடுத்துவிட்டார்கள். அசோசியேஷனே எடுத்தது. ஒரு பக்கக் கதவு துருப்பிடித்துச் சாய்ந்து, பகலும் இரவும் திறந்தே கிடக்கிறது. முதல் வாரம் காலையில் பால்கனியில் நின்று பார்த்தேன். ஊர்ப்பக்கமிருந்து ஒருவரும் வரவில்லை. அடுத்த வாரமும் வரவில்லை.

ஒருநாள் ஏரிக்கரையில் வேலைக்கு ஓடிக்கொண்டிருந்த ஒரு பெண்ணைக் கூப்பிட்டேன். மலர் தெருப் பெண். அந்தக் காலத்தில் எங்கள் வாசலைத் தாண்டித்தான் பள்ளிக்கூடம் போவாள்.

"எங்க தெரு வழியா போலாமேம்மா? கேட்ட தெறந்துட்டாங்களே."

"தெரியும்க்கா," என்றாள் நடையை நிறுத்தாமல். "பரவால்ல... எங்களுக்கு இதான் வழி."

திறந்து கிடந்த கேட் வழியாக வீட்டுக்குத் திரும்பி நடந்தேன். படித்த காலத்தில் சண்டை போட ஒரு பூட்டாவது இருந்தது.