அண்ணை அழுத்தாத மணி

என் அண்ணை எந்த வீட்டு மணியையும் அழுத்தமாட்டார். லண்டனில், இல்ஃபோர்டில் இருக்கிற என் வீட்டுக்கு வந்தாலும் இதே கூத்துத்தான். கதவுக்கு வெளியே சத்தமில்லாமல் நிற்பார். நான் குப்பை போடக் கதவைத் திறந்தால் முன்னால் ஆள். எனக்கு நெஞ்சு பக்கென்று போகும். "மனிசரைச் சாகடிக்கவெண்டே வாறியளோ?" என்று ஏசுவேன். சிரிக்கமாட்டார்.

படிப்பை விட்டுவிட்டுத் தானாகவே இயக்கத்துக்குப் போனவர். அம்மா காலைப் பிடித்தும் நிற்கவில்லை. பிறகு ஓர் அணிக்கே பொறுப்பாளரானார். சண்டையைப் பற்றி வாய் திறக்கமாட்டார். ஒன்றை மட்டும் ஒருமுறை சொன்னார். தன் அணியில் ஒரு பிள்ளை செத்தால், தானே வீட்டுக்குப் போய்த் தாயிடம் சொல்வாராம். வேறு ஆளை அனுப்பமாட்டாராம். கடைசியில், இவருடைய சைக்கிள் ஒழுங்கைக்குள் திரும்பினாலே பெண்கள் வாசல் படலையைச் சாத்தினார்களாம்.

என் மகளுக்குக் கலியாணம் சரிவந்தது. கார்டை வாட்ஸ்அப்பில் அனுப்பினால் எங்கள் சனம் வருமா? வீடு வீடாகப் போய்ச் சொல்லவேண்டும். தாய்மாமனும் கூட வரவேண்டும்.

"என்னைக் கூப்பிடாதை பிள்ளை," என்றார் அண்ணை.

"உங்கடை ஒரே மருமகளின்ரை கலியாணம். கதையை விட்டிட்டுக் கோட்டைப் போடுங்கோ."

மோர்டனில் ஒரு வீடு. அந்த வீட்டு மகன் என் கணவரோடு பஸ் ஓட்டுகிறவர். நான்தான் மணியை அழுத்தினேன். போன வருடம் ஊரிலிருந்து வந்திருந்த அவருடைய தாய் கதவைத் திறந்தார். குங்குமத் தட்டத்தோடு நின்ற என்னை அவர் பார்க்கவேயில்லை. அண்ணையைப் பார்த்தார். முகம் வெளிறிப் போனது.

"மூத்தவனுக்கு வந்தனீங்கள்," என்றார். குரல் உயரவில்லை. "இப்ப சின்னவனுக்கோ?"

"ஐயோ அம்மா, நாங்கள் கலியாணம் சொல்ல வந்தனாங்கள்!" என்று கார்டை நீட்டினேன். வாங்கவில்லை. எங்களை உள்ளே இருத்திவிட்டுத் தானும் எதிரே இருந்தார். மகனுக்குப் போன் அடித்தேன். பஸ் ஓட்டுகிறவர் எப்படி எடுப்பார்? தாய் அழவில்லை. கொண்டையை அவிழ்த்துத் தலைமயிரைத் தொங்கவிட்டுக்கொண்டு, அண்ணையின் வாயையே பார்த்தபடி இருந்தார். சுவரில் மாலை போட்ட படத்தில் சீருடையோடு ஒரு பொடியன். அதற்குப் பக்கத்தில் இன்னோர் ஆணி வெறுமனே இருந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கு அந்த ஆணியைப் பார்க்கப் பயமாக இருந்தது. எழும்புவோம் என்று அண்ணைக்குக் கண் காட்டினேன். அவர் அசையவில்லை.

கார்த்திகை மாதம், நாலு மணிக்கே இருட்டிவிட்டது. ஒருவரும் லைட் போடவில்லை. ஒருவழியாகக் கதவில் திறப்புச் சத்தம் கேட்டது. வேலை உடுப்போடு மகன் உள்ளே வந்தார்.

"என்னம்மா, இருட்டுக்குள்ளை இருக்கிறியள்?"

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. "பாருங்கோ அம்மா, மகன் வந்திட்டார்!"

தாய் திரும்பவில்லை. அண்ணையிடம்தான் கேட்டார்.

"தம்பி, நீங்கள் சொல்லுங்கோ."

அண்ணை எழுந்து நிமிர்ந்து நின்றார். முந்தி அந்த வீடுகளிலும் இப்படித்தான் நின்றிருப்பார்.

"அம்மா, உங்கடை மகன்..." நிறுத்தி, மறுபடி தொடங்கினார். "உங்கடை மகன் உயிரோடை இருக்கிறார்."

அதற்குப் பிறகுதான் அந்தத் தாய் மகனைத் திரும்பிப் பார்த்தார்.