கூரையில் காய்ந்த சோறு

தாயம்மாள் பெரியம்மாவின் மகன் கணேசன் தொலைபேசியில் அழைத்தபோது சனிக்கிழமை மதியம். செரம்பானில், ராசாவில் உள்ள என் வீட்டுச் சாப்பாட்டு மேசையில், அச்சகத்திலிருந்து வந்த என் புத்தகத் தாள்களைப் பரப்பிப் பிழை திருத்திக்கொண்டிருந்தேன். "அக்கா, அம்மா போயிருச்சு. காலைல தோசை கேட்டுச்சு. ரெண்டு தின்னுட்டு, சட்னில உப்பு பத்தலன்னு என் வீட்டுக்காரியத் திட்டிட்டுப் படுத்துச்சு. அவ்ளோதான்லா." அவனுக்கு என்ன பதில் சொன்னேன் என்று நினைவில்லை. பகாவ் போய்ச் சேரும்வரை, எந்த வரியில் திருத்தத்தை நிறுத்தினேன் என்பதையே யோசித்துக்கொண்டு வண்டி ஓட்டினேன்.

ஆத்துமேட்டுத் தோட்டத்தில் பிறந்த உங்களுக்குத் தாயம்மாளை நான் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. நம் தோட்டத்து மக்கள் கொண்டுவரும் இந்த ஆண்டு மலரைப் புரட்டப்போகும் உங்கள் பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். கோலா பிலாவுக்கும் பகாவுக்கும் இடையில் இருந்த நம் ரப்பர் தோட்டம் இன்று முழுக்க எண்ணெய் எடுக்கும் செம்பனை. ஐம்பதுகளில், வெள்ளைக்காரர் அறிவித்த அவசரகாலத்தில் அங்கிருந்த குடும்பங்களை எல்லாம் முள்வேலிக்குள் அடைத்து வைத்திருந்தார்கள். காட்டுக்குள் இருந்த கம்யூனிஸ்டுகளின் கைக்கு அரிசி போய்விடக் கூடாது என்று, வீட்டில் அரிசி வைத்திருப்பதே குற்றமாக்கப்பட்டது. ஒரே கொட்டகையில் எல்லாருக்கும் சோறு வடித்து, வேளாவேளைக்குச் சட்டியில் போட்டார்கள். வடித்த சோறு மறுநாள் ஊசிப்போகும், அதை யாரும் சேர்த்து வைத்துக் காட்டுக்குக் கடத்த முடியாது என்று அரசாங்கம் நினைத்தது. அந்தக் கொட்டகையில் அகப்பை பிடித்தவர் தாயம்மாள். கணவன் இறந்து, மூன்று பிள்ளைகளோடு இருந்தவர். என் அம்மா சரோஜாவின் நெருங்கிய தோழி. எனக்குப் பெரியம்மா.

நான் செரம்பானில் ஆறாம் படிவ மாணவர்களுக்கு வரலாறு கற்பிக்கிறேன். நம் வட்டாரத் தோட்டங்களின் வரலாற்றை எழுதலாம் என்று பதினொரு ஆண்டுகளுக்கு முன் ஒலிப்பதிவுக் கருவியோடு பெரியம்மாவிடம் போனேன். கருவியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். "இந்தப் பொட்டிக்கு முன்னாடி பொய் சொன்னா கத்துமா?" என்று கேட்டார். கத்தாது என்றேன். "அப்பச் சரி, பேசலாம்" என்று காலை நீட்டி உட்கார்ந்தார். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

அவரை நான் நம்பத் தொடங்கிய நாளையும் சொல்ல வேண்டும். துரை பங்களாவிலிருந்து கிடைத்த பழைய வரைபடம் ஒன்றை எடுத்துக்கொண்டு இருவரும் செம்பனைக்குள் நடந்தோம். கூட்டுச் சமையல் கொட்டகை ஆற்றோரம் இருந்ததாக அதில் போட்டிருந்தது. பெரியம்மா தாளைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "எழுதி வச்சவன் பசியோட எழுதியிருக்க மாட்டான்" என்று சொல்லிவிட்டு, சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு மேட்டுப்பக்கம் ஏறினார். ஓர் இடத்தில் நின்று மட்டைச் சருகைக் காலால் தள்ளினார். கீழே கரி படிந்த சிமெண்டுத் தரையும், கஞ்சி வடிந்து போகும் வாய்க்காலும் இருந்தன. அன்றைக்கு என் படிப்பு கொஞ்சம் தலைகுனிந்தது. அதற்குப் பிறகு அவர் சொன்னதைச் சரிபார்ப்பதை நான் படிப்படியாக விட்டுவிட்டேன்.

அம்மாவின் கதையையும் அவர்தான் சொன்னார். மிஞ்சிய சோற்றை எறிய மனம் வராத நம் பெண்கள், உப்பும் மிளகாயும் சீரகமும் போட்டுப் பிசைந்து, துணியில் கிள்ளி வைத்து, தகரக் கூரைமேல் காயப் போட்டார்கள். வேலிக்குள் இருந்தாலும் வடகம் போடும் பழக்கம் போகுமா? அதில் குற்றம் இருப்பதாக யாருக்கும் தோன்றவில்லை. ஒருநாள் சோதனைக்கு வந்த மலாய்க்கார போலீஸ் சார்ஜன் அதைப் பார்த்துவிட்டார். அது காய்ந்த சோறு, மாதக்கணக்கில் கெடாது என்று தெரிந்ததும் விவகாரம் பெரிதாயிற்று. அன்று கூரையில் காய்ந்தது அம்மா போட்டது என்று, அம்மாவைத் தடுப்பு முகாமுக்குக் கொண்டுபோனார்கள். பிறகு கப்பலேற்றி இந்தியாவுக்கு அனுப்பிவிட்டார்கள். நாகப்பட்டினத்தில் இறங்கியதாக ஒரு கடிதம் வந்தது. மூன்று ஆண்டுகள் கழித்து, இறந்துவிட்டதாக இன்னொருவர் எழுதிய கடிதம் வந்தது. அம்மாவைக் கொண்டுபோனபோது எனக்கு ஐந்து வயது.

அது சோறு என்று சார்ஜனிடம் சொன்னது யார்? பெரியம்மாவின் பதில் ஒலிநாடாவில் இருக்கிறது. "வேலு மண்டோருதான். மண்டோரு வாயத் தொறந்தான், சரோஜா கப்பலேறுனா." பழைய தோட்டத்து மக்கள் ஒன்பது பேரிடமும் தனித்தனியாகக் கேட்டேன். ஒன்பது பேரும் இதையே, இதே சொற்களில் சொன்னார்கள். ஒன்பது பேர் ஒரே வாக்கியத்தைச் சொன்னால் அது எங்கிருந்து வந்தது என்று பார் என்று என் மாணவர்களுக்கு ஆண்டுதோறும் சொல்கிறவள் நான். என் அம்மா விஷயத்தில் மட்டும் அது உறுதியான சாட்சியம் என்று எழுதிக்கொண்டேன். தனித்தனியாகக் கேட்டேன் என்று இப்போது எழுதியதும் சரியில்லை. ஒவ்வொரு வீட்டுக்கும் பெரியம்மா என்னோடு வந்தார். என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார்.

வேலு மண்டோர் தோட்டத்தில் ஆள்களை மேய்க்கும் வேலையில் இருந்தவர். என் அப்பா, தான் சாகும்வரை அவரோடு பேசவில்லை. மண்டோர் இறந்தபோது நான் பகாவில்தான் இருந்தேன். துக்கத்துக்குப் போகவில்லை. அவர் மகள் பார்வதி அக்காவை பகாவ் பாசாரில் பலமுறை பார்த்திருக்கிறேன். மீன் வாங்கிக்கொண்டிருப்பார். என்னைக் கண்டால் ஏதோ சொல்ல வருவதுபோல நிமிர்வார். நான் காய்கறிப் பக்கம் திரும்பிவிடுவேன்.

பெரியம்மாவின் கருமாதிக்குப் பார்வதி அக்கா வந்திருந்தார். பந்தலில் எல்லாரும் அவருக்கு இடம்விட்டுத் தள்ளி உட்கார்ந்தார்கள். சாப்பாடு முடிந்ததும் நேராக என்னிடம் வந்தார்.

"தங்கச்சி, புத்தகம் அச்சுக்குப் போயிருச்சாமே?"

"இன்னும் இல்ல. திருத்திக்கிட்டிருக்கேன்."

"எங்கப்பா பேரு இருக்கா அதுல?"

இருக்கிறது என்றேன்.

"தாயம்மாக்கா உசிரோட இருக்கறவரைக்கும் சொல்ல வேணாம்னு இருந்தேன். சொன்னாலும் எவன் நம்புவான்? மண்டோர் மகதானே நானு. எனக்கு அப்பப் பத்து வயசு. சட்டியத் தூக்கிக்கிட்டு சோத்துக்கு வரிசைல நிக்கிறேன். சார்ஜன் தகரத்து மேல பாத்துட்டு இது என்னான்னு மலாய்ல கேட்டாரு. அத்தன பேரும் வாய மூடிக்கிட்டு நிக்கிறாங்க. தாயம்மாக்காதான் சிரிச்சுக்கிட்டே, 'நாசி, துவான்'னுச்சு. சோறுங்கய்யான்னு சொல்லிருச்சு. அதோட விட்டுச்சா? காஞ்சா ஒரு வருசம் இருக்கும், எங்களுக்குத் தெரியாத சமையலான்னு ஒரே பெரும. சார்ஜன் மூஞ்சி மாறிப்போச்சு. இது யாரோடதுன்னாரு. அப்பத்தான் அதுக்கு ஒறச்சுச்சு. சிரிப்பு நின்னுபோச்சு. ஒங்கம்மா இன்னும் பால்மரக் காட்லேருந்து வரல. 'சரோஜா'ன்னு சொல்லிருச்சு."

பார்வதி அக்கா என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"அதுல பாதி தாயம்மாக்காவோடது தங்கச்சி. ரெண்டு பேரும் சேந்துதான் போட்டாங்க. உப்புப் போட்டுப் பெசஞ்சதே அதுதான். எங்கப்பா அன்னிக்கு அங்க இல்லவே இல்ல. காய்ச்சல்ல தோட்டத்து ஆஸ்பத்திரில கெடந்தாரு."

பார்வதி அக்காவை நான் உடனே நம்பவில்லை. அன்று மாலை வீட்டுக்குப் போய், தோட்டத்து ஆஸ்பத்திரிப் பதிவேட்டின் நகலை எடுத்தேன். மலேரியா பற்றிய அத்தியாயத்துக்காக ஆறு ஆண்டுகளுக்கு முன் நானே படியெடுத்து வைத்தது. அம்மாவைக் கொண்டுபோன வாரத்தில், மூன்று நாள்கள் தொடர்ந்து, படுக்கையில் இருந்தவர்களின் வரிசையில் வேலுவின் பெயர் இருந்தது. நடு நாள்தான் அந்த நாள். அந்தத் தாளில் காய்ச்சல்காரர்களை எண்ணியிருக்கிறேன். பெயர்களை வாசிக்கவில்லை.

மறுவாரம் முதல்முறையாகப் பெரியம்மா இல்லாமல் உங்கள் வீடுகளுக்கு வந்தேன். ஒன்பது பேரில் ஆறு பேர் இருக்கிறீர்கள். இதைப் படிப்பீர்கள். உங்கள் பெயர்களை இங்கே எழுதவில்லை. உங்களில் ஒருவர் என்னைக் கண்டதும் விஷயம் தெரிந்துவிட்டதைப் புரிந்துகொண்டு, "உக்காரும்மா, மைலோ கலக்கச் சொல்றேன்" என்றார். மைலோ வரும்வரை இருவரும் தொலைக்காட்சியைப் பார்த்தோம்.

"தாயம்மா பெரியம்மா இப்படிச் சொல்லச் சொல்லிக் கேட்டாங்களா?"

"அது கேக்கலம்மா. அன்னிக்குச் சாயந்திரம் தலையில அடிச்சுக்கிட்டு, மண்டோருதான் மண்டோருதான்னு அழுதுச்சு. நாங்களும் ஆமான்னுட்டோம்."

"நீங்க எல்லாரும் வரிசைல நின்னீங்க. பாத்தீங்க."

"பாத்தோம். மூணு புள்ளய வச்சுக்கிட்டிருக்கற நம்ம பொம்பளைய எப்படிக் காட்டிக் குடுக்கறது சொல்லு? மண்டோரு மேல போட்டா யாருக்கு என்ன போச்சு? அவனை எல்லாருந்தான் திட்டுவாங்க."

"சரி, அப்ப சொல்லல. பெட்டி வச்சுக்கிட்டு நான் வந்து கேட்டப்ப?"

அவர் குவளையைச் சுற்றிக்கொண்டே இருந்தார். "நீ படிச்ச புள்ள. ஒனக்குத் தெரிஞ்சிருக்கும், பெரிய மனசு பண்ணி நீ அப்படியே எழுதறதா நெனச்சோம்."

மற்ற ஐந்து வீடுகளிலும் ஏறக்குறைய இதே பேச்சு. இந்தமுறை சொற்கள் மட்டும் வேறுவேறாக இருந்தன. அதனால் நம்பினேன்.

ஒருமுறை கோலா பிலாவிலிருந்து திரும்பும்போது, வண்டியில் பெரியம்மா சொன்னது இப்போது அடிக்கடி காதில் விழுகிறது. "பாப்பா, புத்தகம் வந்தா எல்லாருக்கும் குடு. எனக்கு மட்டும் படிச்சுக் காட்டாத." எழுதப் படிக்கத் தெரியாதவரின் கூச்சம் என்று எடுத்துக்கொண்டேன். "ஏன், உங்க பேரு பக்கத்துக்குப் பக்கம் வருது" என்று வேடிக்கையாகச் சொன்னேன். அவர் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். பதினொரு ஆண்டுகளில் எத்தனையோ சனிக்கிழமைகள் அவர் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து வந்திருக்கிறார். எனக்குத் துணையாக வந்தாரா, என்னைக் காவல் காக்க வந்தாரா என்று கேட்க இனி வழியில்லை. ஒரு வார்த்தை உளறிய பெண்ணை, அந்த நிமிடப் பயத்தில் தோழியின் பெயரைச் சொன்ன பெண்ணை என்னால் புரிந்துகொள்ள முடிகிறது. துப்பாக்கியோடு ஒருவர் எதிரில் நிற்கும்போது நான் என்ன சொல்லியிருப்பேன் என்று எனக்குத் தெரியாது. ஆனால் என் வண்டியில் துப்பாக்கி இல்லை. அங்கே நானும் அவரும் மட்டும்தான் இருந்தோம்.

அச்சகத்துக்குச் சொல்லிப் பக்கத்தை நிறுத்தினேன். திருத்திய பக்கத்தை பகாவுக்கு எடுத்துப் போய்ப் பார்வதி அக்காவிடம் வாசித்துக் காட்டினேன். எதிர்வீட்டுக்காரர்கள் வாசலில் நின்று பார்த்தார்கள். நன்றி ஏதும் அவர் சொல்லவில்லை. நான் அதை எதிர்பார்த்திருக்கவும் கூடாது.

"எங்கப்பா பேர எடுத்துட்டீங்களா?"

"எடுத்துட்டேன்க்கா. இனிமே அவருமேல பழி இல்ல."

"எடுக்காதீங்க. எடுத்தா எல்லாரும் பழையபடியே பேசுவாங்க. அன்னிக்கு அவரு காய்ச்சல்ல கெடந்தாருன்னு போடுங்க. எந்தக் கட்டில்னு தெரிஞ்சா அதையும் போடுங்க."

கட்டில் எண் பதிவேட்டில் இருந்தது. போட்டுவிட்டேன். தாயம்மாள் சொன்ன ஒற்றைச் சொல்லும், அதற்குப் பின் அவர் சொன்ன பெயரும், அருகில் நின்றவர்களின் மௌனமும் அதே பக்கத்தில் இருக்கின்றன. மலர்க் குழுவினர் என்னிடம் கேட்டது தாயம்மாளுக்கு ஒரு பக்கப் புகழுரை; நான் எழுதிக் கொடுப்பது இது. கணேசனிடம் இதை முன்பே வாசித்துக் காட்டினேன். "அம்மாவுக்கு இது தேவையாக்கா?" என்று மட்டும் கேட்டான். அவன் என்னோடு இனிப் பேசுவானா என்று தெரியவில்லை.

புத்தகத்தின் மற்றப் பக்கங்களை என்ன செய்வது என்று இன்னும் விளங்கவில்லை. பாதிக்கு மேல் பெரியம்மாவின் குரல். காலையில் பெயர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் யார் எங்கே நிற்பார்கள், எந்த லயத்து வீட்டு வரிசையில் எந்த ஊர்க்காரர்கள், எந்த ஆண்டு வெள்ளம் எந்தப் படிவரை ஏறியது, எல்லாம் அவர் சொன்னவை. ஒவ்வொன்றையும் இப்போது வேறோர் ஆளிடமோ தாளிடமோ கேட்டுப் பார்க்கிறேன். பெரும்பாலும் சரியாகவே இருக்கின்றன. அது எனக்கு ஆறுதலாகவும் இல்லை.

ஒன்றை மட்டும் சரிபார்க்க முடியவில்லை. எனக்கு அம்மாவின் முகம் நினைவில்லை. அப்பா அவளைப் பற்றிப் பேசியதே இல்லை. உங்களைக் கேட்டேன். நல்லவ, அமைதியானவ என்றீர்கள். செத்துப்போன எல்லாப் பெண்களையும் நாம் அப்படித்தான் சொல்கிறோம். பெரியம்மா சொன்ன அம்மா அமைதியானவள் இல்லை. பால்மரக் காட்டில் சீட்டி அடித்துக்கொண்டே பால் வெட்டுவாளாம். பொம்பள சீட்டி அடிக்கிறாளே என்று யாராவது கேட்டால், பாம்பை விரட்டுகிறேன் என்பாளாம். கடைசி மரத்துக்கு வரும்போது மட்டும் சத்தத்தைக் குறைத்துக்கொள்வாளாம், வேலை முடிந்தது தெரிந்தால் இன்னொரு வரிசையைத் தலையில் கட்டிவிடுவார்கள் என்று.

இதற்கு வேறு சாட்சி இல்லை. சொன்னவர் என்னிடம் பதினொரு ஆண்டுகள் பொய் சொன்னவர். இருந்தாலும் இதை வைத்துக்கொள்கிறேன். புத்தகத்தில் சேர்க்கவில்லை. என் குறிப்பேட்டில், மற்ற எல்லாக் குறிப்புகளையும்போலவே, இப்படி எழுதி வைத்திருக்கிறேன்: சரோஜா சீட்டி அடிப்பாள். சொன்னவர், தாயம்மாள்.