இரவல் டம்ளர்

செவ்வாய்க்கிழமைதோறும் எங்கள் ஊர்ப்பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்தில் கர்ப்பிணிகளுக்குச் செக்கப். ஆறாம் மாதம் எனக்குச் சர்க்கரை டெஸ்ட் எழுதியிருந்தார்கள். குளுக்கோஸ் கரைத்த தண்ணீரைக் குடித்துவிட்டு இரண்டு மணி நேரம் காத்திருக்க வேண்டும். பிறகு ரத்தம் எடுப்பார்கள். டம்ளரை மட்டும் அவரவர் கொண்டுவர வேண்டும். தலைக்குப் பூ, கைக்குக் குடை என்று எல்லாம் எடுத்துக்கொண்டு கிளம்பிய நான் அதை மறந்துவிட்டேன்.

பக்கத்தில் இருந்தவள் ஏரிக்கரை இருளர் குடியிருப்பிலிருந்து வந்தவள். எங்கள் நிலத்தில் களை எடுத்திருக்கிறாள். அவளுக்கும் அதே மாதம், அதே டெஸ்ட். தன் பங்கை மடக்மடக்கென்று குடித்துவிட்டு, குழாயடியில் டம்ளரை இரண்டு தரம் கழுவி என்னிடம் நீட்டினாள்.

“இந்தாங்க யக்கா. நல்லா கழுவிக்கீறேன்.”

வேண்டாம் என்று சொல்ல வாய் வரவில்லை. குடிக்கவும் மனம் வரவில்லை. காலேஜில் சமத்துவம் பற்றிப் பேசிப் பரிசு வாங்கியவள் நான். அந்த லட்சணத்தில், நர்சம்மா கரைத்துக் கொடுத்ததைப் புங்கமரத்துக்குப் பின்னால் கொண்டுபோய்க் கொட்டிவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டே வந்து டம்ளரைத் திருப்பிக் கொடுத்தேன்.

வெயில் ஏறியதும் அவள் அந்த மரத்து நிழலில் போய் உட்கார்ந்தாள். ரத்தம் எடுக்கக் கூப்பிட வந்த நர்சம்மா, அவள் அருகே மொய்த்திருந்த எறும்புகளைப் பார்த்துவிட்டார்.

“இன்னாம்மா இது? குடிக்காம கொட்டிட்டியா?”

“இல்ல நர்சம்மா, முழுசா குடிச்சிட்டேன். நெசமா.”

“அப்ப எறும்புக்கு இன்னா இங்க விருந்தா நடக்குது? இன்னிக்கி உனக்கு டெஸ்ட் கெடையாது. அடுத்த வாரம் வா, போ.”

அவள் என்னை ஒரு முறை பார்த்தாள். நான் என் செக்கப் அட்டையைப் புரட்டிக்கொண்டிருந்தேன். வேலையை விட்டு நடந்து வந்தவள், டம்ளரை முந்தானையில் துடைத்துக்கொண்டு திரும்பி நடந்தாள்.

எனக்குச் சர்க்கரை இல்லை என்று எழுதினார்கள். சொன்னபடி கேட்டவள் என்று நர்சம்மா புகழ்ந்தார். மாமியார் தெருவெல்லாம் சொல்லி மகிழ்ந்தார். எனக்குத்தான் சோறு இறங்கவில்லை. அட்டையில் இருந்தது பொய். நிஜத்தில் சர்க்கரை இருந்து குழந்தைக்கு ஏதாவது ஆகிவிட்டால்? உண்மையைச் சொன்னால், அவளுக்கு நான் செய்ததைவிட இந்தப் பயம்தான் முதலில் வந்தது. அதை எழுதவும் கூசுகிறது.

அடுத்த செவ்வாய் நானும் போனேன். நர்சம்மாவைத் தனியே கூப்பிட்டு, கொட்டியது நான்தான் என்றேன்.

“வாந்தி வந்துச்சா?” என்றார்.

ஆமாம் என்று தலையாட்டினேன். கேட்டவரே காரணமும் எடுத்துக் கொடுத்தால் விடுவேனா?

“அன்னிக்கே சொல்றதுக்கு இன்னா? அந்தப் பொண்ண வீணா திட்டினேன் பாரு. சரி, ரெண்டு பேருக்கும் கரைக்கிறேன், குடிங்க.”

குழாயடியில் அவள் டம்ளரைக் கழுவிக்கொண்டிருந்தாள். மன்னிப்புக் கேட்கத்தான் கிட்டே போனேன். நான் வாய் திறப்பதற்குள் அவள் டம்ளரை நீட்டினாள். குரலில் கோபம் இல்லை, குத்தல்கூட இல்லை.

“யக்கா, இந்த வாட்டி நீங்க மொதல்ல குடிச்சிட்டுக் குடுங்க. நான் அப்பால குடிக்கிறேன்.”

என் பைக்குள் எங்கள் வீட்டு டம்ளர் இருந்தது. அவள் பார்த்துவிடக் கூடாதே என்று பையின் வாயை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.